ஊமைச் சங்கு

சங்கு என்றால் ஊதினால் சத்தம் வர வேண்டும். மூச்சாத்தா கோயில் சங்குக்கு அந்தப் பழக்கமே கிடையாது. எத்தனை பலமாக ஊதினாலும் 'உம்' என்றுகூடச் சொல்லாது. பத்து எண்ணும் நேரம் சும்மா இருந்துவிட்டு, அடிவயிற்றில் ஒரு நிறம் காட்டும். நீலம் என்றால் வீட்டுக்குப் போகலாம். சிவப்பு என்றால் உப்புக்கரைக்குப் போக வேண்டும்.

அந்தச் சங்கைக் காத்துக்கொண்டு உப்புக்கரையில் முப்பத்தெட்டு வருஷமாகத் தனியாக இருந்தாள் அங்கம்மா. அவளுக்கு அப்படி ஒரு பேர் இருப்பதே ஊரில் பாதிப் பேருக்குத் தெரியாது. எல்லோருக்கும் அவள் 'ஆத்தா'. ஒன்பது வயதில் வந்து சேர்ந்தவளை நாற்பதாம் நாளே ஆத்தா ஆக்கிவிட்டார்கள். பல் விழுந்து முளைத்துக்கொண்டிருந்த வயதில் ஊரே அவளைக் கையெடுத்துக் கும்பிட்டது.

கும்பிடுவார்களே தவிர, கிட்டே வர மாட்டார்கள். அவளுக்கும் அடுத்த மனுஷருக்கும் நடுவில் எப்போதும் இருபது அடி இருக்க வேண்டும். அது முறை. அவளுடைய குடிசைக்கும் ஊருக்கும் நடுவே முழங்கால் ஆழத்தில் ஒரு துறை. துறையின் குடிசைப் பக்கத்துக் கரையில் ஒரு பலகைக்கல். எட்டு நாளைக்கு ஒரு முறை அவள் அண்ணன் சேவுகன் வந்து, வறுத்த மாவும் கருவாடும் கல்மேல் வைத்துவிட்டு, இருபது அடி பின்னால் போய் நின்று, "ஆத்தா, மாவு வச்சிருக்கேன்" என்பான். கூடப் பிறந்தவனுக்கும் அவள் ஆத்தாதான். "சரிண்ணே" என்பாள் இவள். அவன் போய்விடுவான். அந்த எட்டு நாளில் அவள் பேசியது பெரும்பாலும் அந்த ஒரு வார்த்தையாகவே இருக்கும்.

ஊர்ச் சத்தம் எல்லாம் அவளுக்குக் கேட்கும். எந்த வீட்டில் பிள்ளை பிறந்தது, எந்த வீட்டில் மாமியாருக்கும் மருமகளுக்கும் ஆகவில்லை, எல்லாம் தெரியும். தெரிந்து என்ன செய்ய? தலைக்கு எண்ணெய் வைத்துவிட ஆள் இல்லை என்று முடியை நாணல் கத்தியால் ஒட்ட வெட்டிக்கொண்டாள். முதுகு அரித்தால் சொறிவதற்கென்று ஒரு நாணல் குச்சியைச் சீவி வைத்திருந்தாள். குச்சி தேய்ந்தால் புதுசு சீவுவாள். இதுவரை நாற்பது குச்சியாவது தேய்ந்திருக்கும்.

ஒன்பது தலைமுறைக்கு முன்னால் வானத்துக் கப்பலில் வந்து இந்த மண்ணில் இறங்கியவர்கள் அவர்களுடைய முன்னோர்கள். இறங்கிய இடமெல்லாம் கருநாணல். சுவருக்கும் கூரைக்கும் நாணல், சோற்றுக்கு நாணல் கிழங்கு. அதை வெட்டப் போனவர்களுடைய மூச்சுக்குள் ஒரு பூசணம் புகுந்து, நுரையீரலைத் தின்று, முதல் மூன்று வருஷத்தில் பாதி சனத்தைக் கொண்டுபோய்விட்டது. கப்பலிலிருந்து எடுத்துவந்த சாமான்களில் இந்தச் சங்கு ஒன்றுதான், நோய் முற்றுவதற்கு முன்னால் அதைக் காட்டிக்கொடுத்தது. உப்புக்கரைக் காற்றில் நாற்பது நாள் இருந்தால் பூசணம் செத்துவிடும் என்று பிறகு கண்டுகொண்டார்கள். கப்பல் துருப்பிடித்து மண்ணானது. சங்கு சாமியானது.

வருஷா வருஷம் நாணல் அறுப்புக்கு முன்னால் 'ஊதும் நாள்' வரும். முதல் நாள் பொழுது சாய்ந்ததிலிருந்து ஊரே பட்டினி கிடந்து, ஒவ்வொருவராக வந்து ஊத வேண்டும். நடுவில் யாருக்காவது இருமல் வந்தாலும் வந்து ஊத வேண்டும். ஆனால் ஊதும் நாளில் எல்லோருக்கும் முன்னால் ஆத்தா ஊதியாக வேண்டும். ஆத்தா ஊதினால் சங்கு சிவக்கும். சிவந்தால்தான் அது முழித்துக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். தூங்குகிற சங்கு நோயாளிக்கும் நீலம்தானே காட்டும்? அதற்காகவே, என்றைக்கும் ஆறாத நோய்க்காரி ஒருத்தி ஊருக்குத் தேவைப்பட்டாள். அவளுக்கு மட்டும் பட்டினி கிடையாது. ஊதுவதற்கு முன் ஒரு சிரட்டைத் தீர்த்தம் குடிக்க வேண்டும். முதன்முதல் ஆத்தாவுக்கு இருமல் அடங்குவதற்காகக் கொடுத்தது அப்படியே முறையாகிவிட்டது என்பார்கள்.

முப்பத்தெட்டு வருஷமும் அங்கம்மா தீர்த்தம் குடித்தாள், ஊதினாள், சங்கு சிவந்தது. அவள் ஊதுவது வருஷத்துக்கு ஒரே ஒரு தடவைதான். நடுவில் என்றைக்காவது ஒருநாள் சும்மா ஊதிப் பார்த்திருக்கலாமே என்று நமக்குத் தோன்றும். பதில் தெரிந்துபோன கேள்வியை யார் திரும்பக் கேட்பார்கள்?

அந்த வருஷம், ஊதும் நாளுக்குப் பத்து நாள் இருக்கும்போது, உப்புக்கரையில் அங்கம்மாவைத் தவிர ஒரே ஒருத்திதான் இருந்தாள். பேர் ராக்கு. ஊரின் தண்ணீர் பம்புகளைப் பழுது பார்க்கிறவள். வயது இருபத்தைந்துக்குள். கைப்பிள்ளைக்காரி. இருமல் வந்து, ஊதி, சிவந்து, ஆறு மாதப் பிள்ளையைப் புருஷனிடம் கொடுத்துவிட்டு வந்தவள். அவளுக்கு அன்றைக்கு நாற்பதாவது நாள்.

நாற்பதாவது நாளில் ஊர்ப் பழக்கம் ஒன்று உண்டு. வீட்டார் நோயாளிக்குப் பிடித்ததைச் செய்து கல்மேல் கொண்டுவந்து வைப்பார்கள். ராக்குவின் புருஷன் காலையிலேயே ஒரு பானை கூழ் வைத்துவிட்டுப் போயிருந்தான். மூன்று நாள் புளிக்க வைத்த நாணல் கிழங்குக் கூழ். அவள் அதை ஆசையாகக் குடித்துவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டு வந்து ஊதினாள். சங்கு சிவந்தது.

சிவந்தால் இன்னும் நாற்பது நாள். ராக்கு கல்லின் பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டாள். அன்று முழுவதும் ஒரு வாய் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. மறுநாள் விடிந்ததும் இருபது அடி எல்லைக்கு வந்து நின்றாள்.

"ஆத்தா! திரும்ப ஒரு தடவ ஊதிக்கிறேன்."

"நாப்பது நாளைக்கு ஒரு தடவதான் தாயி. அதான் முறை."

"பம்பு ஓடலைன்னா நான் ஒரு தடவ அடிச்சுப் பாத்துட்டு விட்டுட்டா போறேன்? பத்து தடவ அடிப்பேன்."

"சங்கு பம்பு இல்ல."

"இல்லதான். ஆனா பால் வத்திரக் கூடாதுன்னு நாப்பது நாளா பீச்சிப் பீச்சி மண்ணுல ஊத்துறேன் ஆத்தா. இன்னும் நாப்பது நாள் எப்படி ஊத்துவேன்?"

 இத்தனை வருஷத்தில் யாரும் அங்கம்மாவிடம் இப்படி வழக்காடியதில்லை. சாமியிடம் யார் வழக்காடுவார்கள்? அவள் உள்ளே போய்ச் சங்கை எடுத்துவந்து கல்மேல் வைத்துவிட்டு, பின்னால் போய் நின்றாள். முறையை அவள் மீறுவது அதுதான் முதல் தடவை.

ராக்கு ஊதினாள். நீலம்.

வேறு யாராக இருந்தாலும் சங்கைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு துறையில் இறங்கி ஓடியிருப்பார்கள். ராக்கு நின்று யோசித்தாள். பழுது பார்க்கிறவளின் புத்தி அது. ஓடாத பம்பு தானாக ஓட ஆரம்பித்தால் அவளுக்குச் சந்தோஷம் வராது, சந்தேகம்தான் வரும்.

"நேத்து சிவப்பு, இன்னைக்கு நீலம். ஒரு ராத்திரில நோய் போயிருமா?"

"ஆத்தா மனசு எரங்கியிருப்பா."

"ஆத்தா நீங்கதான? எரங்குனீகளா?"

"எரங்குனேன்" என்றாள் அங்கம்மா, உண்மையாகவே. இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. தன்னுடைய சிரிப்புச் சத்தத்தைக் கேட்டு அங்கம்மாவே சற்றுத் திகைத்துப் போனாள்.

ராக்கு சிரிப்பை நிறுத்திவிட்டுப் பானையைப் பார்த்தாள். அடியில் கொஞ்சம் கூழ் மிச்சம் இருந்தது. "நேத்து கூழ் குடிச்சேன். இன்னைக்கு வெறும் வயிறு" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு, அங்கம்மா தடுப்பதற்குள் இரண்டு மடக்குக் குடித்துவிட்டு ஊதினாள். சிவப்பு. வாயைக் கொப்பளித்துவிட்டு, உச்சிவெயில் வரும்வரை உட்கார்ந்திருந்து மறுபடி ஊதினாள். நீலம்.

"நெஞ்சுக்குள்ள பூசணம் வந்தா அதுவும் இப்படித்தான் புளிக்குது போல" என்றாள் ராக்கு. "சங்குக்குப் புளிச்ச வாசனைதான் தெரியுது. எங்க புளிச்சிச்சுன்னு தெரியல. அதான் ஊதும் நாளைக்குப் பட்டினி கெடக்கச் சொல்லியிருக்காக. அது பக்தியே இல்ல ஆத்தா. சோதிக்கிற முன்ன குழாயக் கழுவுறோம்ல, அந்த மாதிரி. ஊதும் நாளைக்கு மட்டும்தான்னு நெனச்சு நாப்பதாம் நாளைக்கு விட்டுட்டோம். எங்க பக்கத்து வீட்டு மாமா போன வருசம் எண்பது நாள் இருந்தாரே, அவருக்கும் கூழுன்னா உசுரு."

பேசிக்கொண்டே போனவள் சட்டென்று நிறுத்தினாள். பிறகு மெல்லக் கேட்டாள்.

"ஆத்தா, நீங்க குடிக்கிற தீர்த்தம் எதுல செய்யறது?"

"நாணல் கிழங்குலதான். ஏழு நாள் புளிக்க வச்சு."

"அது இல்லாம என்னைக்காவது ஊதியிருக்கீகளா?"

 அங்கம்மாவுக்கு ஒரு பாவாடை ஞாபகம் வந்தது. பச்சைப் பாவாடை, சிவப்புக் கரை. அவளுடைய நாற்பதாவது நாளில் அம்மா அதை மடித்துத் தோளில் போட்டுக்கொண்டு, மகளைக் கூட்டிப்போகத் துறைக்கு வந்திருந்தாள். 'ஊதிட்டு வா கண்ணு, புதுப் பாவாட கட்டிக்கிட்டு வீட்டுக்குப் போலாம்' என்று அக்கரையிலிருந்து கத்தினாள். கல்மேல் கூழ் இருந்தது. மகளுக்குப் பிடித்த புளித்த கூழ். அவள் வயிறு முட்டக் குடித்தாள். ஊதினாள். அம்மா பாவாடையைத் தோளில் போட்டபடியே திரும்பிப் போனது வளைவு தாண்டும்வரை தெரிந்தது.

பழைய ஆத்தா அந்த மாதம்தான் இறந்திருந்தாள். நாற்பது நாளிலும் ஆறாத பிள்ளையை மூச்சாத்தாவே தேடிக்கொண்டாள் என்றார்கள்.

அங்கம்மா கல்லுக்கு வந்தாள். சங்கை எடுத்து, கண்ணை மூடிக்கொண்டு ஊதினாள். கண்ணைத் திறக்கப் பயமாக இருந்தது. திறந்தபோது சங்கின் அடிவயிறு நீலமாக இருந்தது. நாற்பது நாளில் வீட்டுக்குப் போயிருக்க வேண்டியவள்.

அவளுக்கு அழுகை வரவில்லை. ஆத்திரம் வந்தது. தூக்கி எறியலாம் என்று சங்கை ஓங்கினாள். எறிய மனசு வராமல் கல்மேல் வைத்தாள். ராக்கு அழுதுகொண்டே அவளை நோக்கி ஓடி வந்தாள். "வராத!" என்று கத்திக்கொண்டு பின்னால் நகர்ந்தாள் அங்கம்மா. ராக்குமேல் கோபமெல்லாம் இல்லை. காலுக்குப் பழகியது அவ்வளவுதான்.

ராக்கு நின்றுவிட்டாள். "ஊதும் நாளன்னிக்குத் தீர்த்தம் குடிக்காதீக. வெறும் வயித்தோட ஊதுங்க. ஊரு பாக்கட்டும். நான் எந்திரிச்சுப் பேசுறேன். ஆத்தா... உங்க பேரு என்னக்கா?"

"அங்கம்மா" என்றாள் அவள். சொல்லிப் பல வருஷமாகியிருந்ததால் நாக்கு கொஞ்சம் தடுமாறியது.

ஊதும் நாள் வந்தது. ஊர் முழுக்க அக்கரையில் பட்டினியோடு நின்றது. நீலம் வந்த அன்றே வீடு திரும்பியிருந்த ராக்குவும் பிள்ளையோடு கூட்டத்தில் நின்றாள். தலைவர் உடையப்பன் வெள்ளைத் துண்டு கட்டி முன்னால் நின்றார். முந்தைய தலைவரின் மகன் அவர். அங்கம்மா தீர்த்தச் சிரட்டையைக் கையில் எடுத்தாள். குடிக்காமல் கல்மேல் வைத்தாள். சங்கை எடுத்து ஊதினாள்.

நீலம்.

முதலில் யாருக்கும் புரியவில்லை. பிறகு ஒரு பெண் ஓலமிட்டாள். அப்புறம் எல்லோரும். "சங்கு செத்துப்போச்சு!" என்றார் உடையப்பன், முகம் வெளுத்து. சங்கு இல்லையென்றால் நாணலுக்குள் யார் இறங்குவது, யார் நெஞ்சில் என்ன இருக்கிறது என்று எப்படித் தெரியும், பிள்ளைகளை எப்படிக் காப்பாற்றுவது? அவர்கள் பயந்ததில் தப்பு ஒன்றும் இல்லை.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு ராக்கு முன்னால் வந்தாள். "சங்கு சாகல. அந்த அக்காவுக்கு நோயே இல்ல. சிவக்கிறது தீர்த்தத்தால. கூழ் குடிச்சு ஊதுனா யாருக்கும் சிவக்கும். நான் பாத்துட்டேன்."

உடையப்பன் அவளைத் திட்டவில்லை. நிதானமாகக் கேட்டார். "அப்படியா? சரி. இங்க நிக்கிறதுல யாராச்சும் ஒருத்தர் கூழ் குடிச்சு ஊதிக் காட்டுங்க. ஒண்ணு மட்டும் சொல்லிப்புடுறேன். கூழாலயோ நோயாலயோ, சிவந்தா நாப்பது நாள். மூச்சாத்தா முன்னாடி அத நான் மாத்த முடியாது."

ஐந்நூறு பேரில் ஒருவரும் முன்னால் வரவில்லை. அங்கம்மா அண்ணனைத் தேடினாள். சேவுகன் தலையைக் குனிந்துகொண்டு தண்ணீரைப் பார்த்தபடி நின்றிருந்தான்.

"கொண்டாங்க பானைய" என்றாள் ராக்கு. அவள் தோளில் அம்மாவின் முடியைப் பிடித்து இழுத்து விளையாடிக்கொண்டிருந்தது பிள்ளை. அதைப் புருஷனிடம் நீட்டினாள். பிள்ளை விடவில்லை, முடியைக் கொத்தாகப் பிடித்துக்கொண்டு வீறிட்டது. புருஷன் அதன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தான்.

அங்கம்மா அந்த விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, யாரும் எதுவும் சொல்வதற்கு முன்னால், கல்மேலிருந்த சிரட்டையை எடுத்து ஒரே மடக்கில் குடித்துவிட்டு ஊதினாள்.

சங்கு ரத்தமாகச் சிவந்தது.

நீலத்தையும் பார்த்தார்கள், தீர்த்தம் குடித்ததையும் பார்த்தார்கள், சிவந்ததையும் பார்த்தார்கள். எல்லாம் ஐந்நூறு ஜோடிக் கண்ணுக்கு முன்னால், பட்டப்பகலில் நடந்தது. ராக்கு சொன்னதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்? ஆனால் ஊர் ஒரே குரலில், "ஆத்தா முழிச்சுட்டா!" என்று கத்திக்கொண்டு தரையில் விழுந்து கும்பிட்டது. தீர்த்தம் குடிக்காததால் ஆத்தா கொஞ்சம் கண்ணயர்ந்துவிட்டாளாம். அடுத்த வருஷத்திலிருந்து இரண்டு சிரட்டை வைக்க வேண்டும் என்று அங்கேயே பேசி முடித்துவிட்டார்கள். ராக்கு கத்திக் கத்திப் பார்த்தாள். அந்த ஆரவாரத்தில் யார் காதிலும் விழவில்லை.

பிறகு ஒவ்வொருவராக வந்து ஊதினார்கள். அந்த வருஷம் எல்லோருக்கும் நீலம். பிற்பகலுக்குள் கரை காலியானது. பண்டிகைச் சமையல் வாசனை துறையைத் தாண்டி வந்தது. அங்கம்மா சங்கை உப்புநீரில் கழுவி வைத்துவிட்டுக் குடிசை வாசலில் உட்கார்ந்தாள். முந்தைய வருஷங்களில் தனிமை என்றால் நோய் என்று ஒரு காரணம் இருந்தது, பொறுத்துக்கொண்டாள். இப்போது காரணமும் இல்லை. இவ்வளவு பெரிய வலியை அவள் அறிந்ததில்லை.

மறுநாள் காலையில் சேவுகன் வந்தான். மாவு கொண்டுவர வேண்டிய நாள் இல்லை அது. கல்மேல் ஒரு துணி மூட்டையை வைத்துவிட்டு, வழக்கம்போல இருபது அடி பின்னால் போய்த் தண்ணீரில் நின்றான். 'ஆத்தா' என்று கூப்பிட வாயெடுத்தவன் நிறுத்தினான்.

"அங்கம்மா."

அவள் எழுந்து வந்து மூட்டையைப் பிரித்தாள். பச்சைப் பாவாடை. சிவப்புக் கரை வெளுத்து, மடிப்பெல்லாம் இற்றுப்போயிருந்தது. ஒன்பது வயதுப் பிள்ளைக்கு அளவெடுத்துத் தைத்தது.

"அம்மா பொட்டியில இருந்துச்சு" என்றான் சேவுகன். "அன்னைக்கு அந்தக் கூழ்ப் பானையத் தூக்கிட்டு வந்து கல்லுல வச்சது நான்தான். அதுக்கப்புறம் அம்மா சாகுற வரைக்கும் வீட்டுல கூழு புளிக்க வைக்கவே இல்ல."

"ஏன்?"

"கூழாலதான் செவந்துச்சோன்னு அம்மாவுக்குத் தோணியிருக்கு. தலைவர்கிட்டப் போயிச் சொல்லியிருக்கா, இப்ப இருக்குற தலைவரோட அப்பாகிட்ட. 'பழைய ஆத்தா செத்துப்போச்சு, செவப்பு இல்லாம சங்க எவன் நம்புவான், ஒரு புள்ளைக்காக ஊரக் கொல்லாத'ன்னு சொல்லி அனுப்பிட்டாராம். சாகுற அன்னைக்கு எங்கிட்டச் சொன்னா."

அம்மா செத்துப் பன்னிரண்டு வருஷம். அங்கம்மா மனசுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்தாள். எட்டு நாளைக்கு ஒரு முறை வறுத்த மாவு. சரிண்ணே, சரிண்ணே, சரிண்ணே.

"உனக்குத் தெரிஞ்சிருக்கு" என்றாள். "தெரிஞ்சும் இருபது அடி தள்ளித்தானே நின்ன?"

 அறுபதை நெருங்குகிற மனுஷன் தண்ணீருக்குள் நின்றுகொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதான். நேற்று தலை குனிந்ததுபோல இன்றும் குனிந்துவிட்டுத் திரும்பிப் போய்விடுவான் என்றுதான் அவள் நினைத்தாள். அவனைத் திட்டலாம். திட்டுவதற்கு முப்பத்தெட்டு வருஷத்து வார்த்தைகள் இருந்தன. ஆனால் திட்டினால் அவன் போய்விடுவான்; போனால் மறுபடி எட்டு நாள்.

"கல்லத் தாண்டி வா" என்றாள்.

அவன் ஒரு அடி வைத்தான். நின்றான். நோய் இல்லை என்று தெரிந்திருந்தும் கால் வரவில்லை அவனுக்கு. "வாண்ணே" என்றாள். தண்ணீரைவிட்டுக் கரையேறி, கல்லைக் கையால் பிடித்துக்கொண்டு, சுற்றி, இந்தப் பக்கம் வந்து நின்றான். அவளுக்கும் பின்னால் நகரத்தான் தோன்றியது. பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள். அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டு நிற்க முடியாதுபோலத் தோன்றியபோது, திரும்பி, அவனுக்கு முதுகைக் காட்டிக் கல்மேல் உட்கார்ந்தாள். பாவாடையை மடியில் வைத்துக்கொண்டாள்.

"முதுகு அரிக்குது. கை எட்ட மாட்டேங்குது. கொஞ்சம் சொறிஞ்சு விடு."

வெகு நேரம் ஒன்றும் நடக்கவில்லை. அவன் மூச்சு வாங்குவது மட்டும் பின்னால் கேட்டது. அப்புறம் நாணல் அறுத்துக் காய்த்துப்போன ஒரு கை, மெல்ல வந்து அவள் முதுகில் பட்டது.

"இன்னும் கொஞ்சம் மேல" என்றாள் அங்கம்மா.